வாழை குடித்த தண்ணீர்

ஆம்பூருக்கு வெளியே ஒரு ஷூ கம்பெனியில் நான் நர்ஸ் வேலை பார்க்கிறேன். கதவில் முதலுதவி அறை என்று எழுதியிருக்கும். உள்ளே ஒரு கட்டில், ஒரு மேஜை, ஒரு மருந்து அலமாரி, அப்புறம் நான். சுவருக்கு அந்தப் பக்கம் தையல் ஹால். காலையில் மிஷின்கள் ஓட ஆரம்பித்தால் என் மேஜைமேல் இருக்கும் தெர்மாமீட்டர் டப்பா மெல்ல மெல்ல நகர்ந்து மதியத்துக்குள் விளிம்புக்கு வந்துவிடும். நான் எடுத்துப் பழைய இடத்தில் வைப்பேன். அரக்கோணத்தில் ரயில் பாதைக்குப் பக்கத்து வீட்டில் வளர்ந்தவள் நான். பொருள்கள் தானாக நகர்வது எனக்குப் பழகிப்போன விஷயம்.

எனக்குக் கோபம் மூக்கு நுனியில் என்று என் கணவர் சொல்வார். பாவம், அவருக்குத் தெரிந்தது வீட்டுக் கோபம் மட்டும். கம்பெனியில் மாத்திரையைப் பாதியில் நிறுத்தியவள், காய்ச்சலை மறைத்துக்கொண்டு வந்தவள், ஊசி குத்திய விரலில் டீத்தூள் அப்பியவள் எல்லோரும் என்னிடம் வாங்கிக் கட்டிக்கொள்வார்கள். வாங்கிக் கட்டிக்கொண்டு மறுநாளும் வருவார்கள். சிலர் திட்டு வாங்கவே வருகிறார்களோ என்றுகூட எனக்குத் தோன்றியதுண்டு.

நான் சேர்ந்த புதிதில் இங்கே பெண்களுக்கு ஏன் இத்தனை தலைவலி என்று வியந்தேன். மதியம் மூன்று மணிக்கு மேல் ஒருத்தி பின் ஒருத்தியாக வருவார்கள். "தலவலி சிஸ்டர்." மாத்திரையைக் கொடுத்தால் வாங்கிக்கொண்டு நகரமாட்டார்கள். கதவைப் பார்ப்பார்கள். நான் எழுந்து கதவைச் சாத்தினால் குரல் இறங்கும். "ஒண்ணுக்குப் போனா எரியுது சிஸ்டர்." சூப்பர்வைசரிடம் காரணம் சொல்லித்தான் மிஷினை விட்டு எழ வேண்டும். அவர் ஆண்பிள்ளை. அவரிடம் தலை வலிக்கலாம், மிஞ்சிப்போனால் பல் வலிக்கலாம். அதற்குக் கீழே எதுவும் வலிக்கக் கூடாது என்பது எழுதாத சட்டம்.

காரணம் கேட்டால் உடம்புச் சூடு என்பார்கள். மிஷின் சூடு, உட்கார்ந்த சூடு, கம்பெனி பஸ்ஸில் இன்ஜின் பக்கத்து சீட்டுச் சூடு. வைத்தியமும் அவர்களிடமே உண்டு: ஊறவைத்த வெந்தயம், தொப்புளில் விளக்கெண்ணெய், பார்லிக் கஞ்சி. நான் எதையும் குறை சொன்னதில்லை. பார்லிக் கஞ்சியில் பார்லியை விட்டுவிட்டுத் தண்ணீரை மட்டும் குடித்தால்கூடப் பாதி பேருக்குச் சரியாகிவிடும். அவர்கள் விடியற்காலையில் எழுந்து, சமைத்து, பஸ் பிடித்து, சாயங்காலம் வீடு திரும்பும் வரைக்கும் இரண்டு டம்ளர் டீயைத் தவிர வேறெதுவும் குடிப்பதில்லை.

எனக்குக் கோபம் வந்தது. கோபம் வந்தால் நான் சும்மா இருக்கமாட்டேன். கம்பெனியில் ஆயுத பூஜைக்கு ஆளுக்கு ஒரு எவர்சில்வர் டப்பா கொடுப்பது வழக்கம். அந்த வருஷம் மேனேஜரிடம் போய் நின்று, டப்பாவுக்குப் பதில் ஒரு லிட்டர் தண்ணீர் பாட்டில் என்று மாற்ற வைத்தேன். "டப்பான்னா கல்யாணத்துக்காவது வச்சிக் குடுக்கலாம்" என்று ஹால் முழுக்க முணுமுணுப்பு. நான் காதில் வாங்கவில்லை. ஒரு விதியும் போட்டேன்: காலையில் நிரப்பிய பாட்டிலைச் சாயங்காலம் பஸ் ஏறும்முன் காலியாகத் தூக்கிக் காட்ட வேண்டும்.

முதல் நாளிலிருந்தே எல்லாப் பாட்டிலும் காலி. நான் வாசலில் நிற்பேன், அவர்கள் பாட்டிலைத் தலைகீழாகப் பிடித்துக் காட்டிவிட்டுச் சிரித்துக்கொண்டே பஸ் ஏறுவார்கள். மேனேஜர் போட்டோ எடுத்து நோட்டீஸ் போர்டில் ஒட்டினார். போட்டோவில் நான் நடுவில், அமைச்சர் மாதிரி நிற்கிறேன். ஒரு விஷயம் மட்டும் எனக்குப் புரியவில்லை. மூன்று மணித் தலைவலி குறையவே இல்லை.

இரண்டு மாதம் கழித்து ஒரு நாள், துவைத்த துண்டைக் காயப்போட ஹாலுக்குப் பின்பக்கம் போனேன். வேலை முடிந்து கை கழுவும் நேரம். குழாய்க்குப் பக்கத்தில் ஒரு வாழை இருக்கிறது. கேன்டீன் பக்கம் இருக்கும் வாழைகள் எல்லாம் சோனியாக நிற்கும்போது இது மட்டும் இலை அகலமாக, தண்டு பருத்து, பூத்தள்ளி நின்றது. அதைச் சுற்றி ஆறேழு பெண்கள். ஆளுக்கொரு பாட்டிலைக் கவிழ்த்து வேரில் ஊற்றிக்கொண்டிருந்தார்கள்.

நான் இடுப்பில் கை வைத்து நின்றேன். "இன்னா நடக்குது இங்க?"

யாரும் ஓடவில்லை. தோல் ஓரம் மடிக்கும் பேரணாம்பட்டுக்காரி, வாய்த்துடுக்குக்குப் பேர்போனவள், மிச்சத்தையும் நிதானமாக ஊற்றி முடித்தாள். "வாழைக்குத்தான் சிஸ்டர். வீணாக்கல" என்றாள்.

ஒரு ஹால் பெண்களின் தண்ணீரை ஒரு வாழை இரண்டு மாதமாகக் குடித்திருக்கிறது. அதற்கு நீர்க்கடுப்பு வர வாய்ப்பே இல்லை. அன்றைக்கு நான் போட்ட சத்தத்தில் பஸ் டிரைவர்கள் இறங்கி வந்து பார்த்தார்கள்.

அந்தக் கும்பலில் மாதனூர்ப் பக்கத்து கிராமத்துப் பெண் ஒருத்தியும் இருந்தாள். மடிக்கும் பேரணாம்பட்டுக்காரிக்கு அடுத்த மிஷினில், ஷூவின் மேல்பாகத்துக்கு இரட்டைத் தையல் போடுகிறவள். கல்யாணமாகி ஒன்பது வருஷம். இரண்டு தடவை தங்கி, இரண்டு தடவையும் கலைந்துவிட்டது. இப்போது ஐந்து மாதம். அவளையும் பாட்டிலோடு பார்த்ததுதான் என் கோபத்துக்குப் பாதிக் காரணம்.

மறுநாள் அவளே வந்தாள். "தலவலி சிஸ்டர்." தொட்டுப் பார்த்தேன், உடம்பு அனலாகக் கொதித்தது. கர்ப்பம் தரித்த பிறகு இது மூன்றாவது தடவை. கம்பெனி வண்டியிலேயே வேலூருக்குக் கூட்டிக்கொண்டு போனேன். டாக்டரம்மா பரிசோதித்து மருந்து எழுதினார். பிறகு அவளிடம் நேராகவே சொன்னார்: இப்படித் திரும்பத் திரும்பக் கிருமி தங்கினால் பிரசவ வலி நாளுக்கு முன்னாலேயே வந்துவிடலாம், குழந்தை தாங்காது. நிறையத் தண்ணீர் குடிக்கணும், இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை போகணும், முடியாவிட்டால் வேலையை விடணும்.

திரும்பி வரும்போது வண்டியில் அவள் மருந்துச் சீட்டை மடிப்பதும் பிரிப்பதுமாக இருந்தாள். நான் பேசினேன். சிறுநீரகம், குழாய், கிருமி என்று ஆரம்பித்து மாதனூர் தாண்டும்வரை பேசினேன். அவள் எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள். "வேலைய வேணா வுட்டுடேன்" என்றதும்தான் வாய் திறந்தாள். "வுட்டுட்டு? நாளெல்லாம் மாமியா மூஞ்சியப் பாத்துக்கினு ஒக்காந்திருக்கவா? போன ரெண்டு வாட்டி அப்படித்தான் ஒக்காந்திருந்தேன். இன்னிக்கி எப்படி இருக்குது, இன்னிக்கி எப்படி இருக்குதுன்னு கேட்டே கொன்னுட்டாங்க. இங்கனா யாரும் கேக்க மாட்டாங்க. வேல ஓடும், பொழுது ஓடும்."

காய்ச்சல் விட்டு அவள் வேலைக்கு வந்த அன்று என் அறையில் உட்கார வைத்துக் கேட்டேன். "நெஜத்தச் சொல்லு. தண்ணி குடிக்கறதுல உனக்கு இன்னா கஷ்டம்?"

அவள் என் மேஜையிலிருந்த மருந்துகளை எடுத்து வரிசையாக வைத்தாள். இருமல் மருந்துப் பாட்டிலைத் தட்டி, "இது நானு" என்றாள். "இந்தாண்ட மடிக்கற அக்கா. அந்தாண்ட நூல் வெட்டற பொண்ணு. நான் எழுந்து போனா அக்கா மடிச்சது எல்லாம் என் எடத்துல குவியும். அந்தப் பொண்ணு கை சும்மா இருக்கும். அவளுக்கு அடுத்தவ கையும் சும்மா இருக்கும். மணிக்கு ஒருவாட்டி போர்டுல லைன் கணக்கத்தான் எழுதுவாங்க, என் பேர எழுத மாட்டாங்க. நான் ஒருத்தி ஒண்ணுக்குப் போனதுக்கு லைன்ல இருக்கற எல்லாரும் ஏச்சு வாங்கணும்."

"அதுக்கு?"

"தண்ணி குடிக்காம இருந்துட்டா யாருக்கும் பேஜார் இல்ல பாருங்க."

நான் மருந்துகளை எடுத்துப் பழைய இடத்தில் வைத்தேன். இத்தனை நாளும் நான் சிறுநீரகப் படம் மாட்டி, குச்சியால் தொட்டுக் காட்டிப் பாடம் நடத்திக்கொண்டிருந்தேன். விவரம் தெரியாமல் குடிக்காமல் இருக்கிறார்கள் என்பது என் நினைப்பு. அவர்களுக்கு என்னைவிட விவரம் தெரிந்திருந்தது. தாயும் பிள்ளையும் ஆனாலும் வாயும் வயிறும் வேறு என்பார்கள். இந்த லைனில் ஒருத்தியின் வயிற்றுக்கு இன்னொருத்தி பயந்துகொண்டிருந்தாள். மாற்று ஆள் என்று ஒருத்தி மூன்று லைனுக்குப் பொதுவாக உண்டுதான். தினமும் யாராவது லீவு போடுவதால் அவளும் ஏதாவது ஒரு மிஷினில் மாட்டிக்கொண்டிருப்பாள்.

நேராக சூப்பர்வைசரிடம் போனேன். நல்ல மனுஷன், எப்போதும் கையில் கணக்கு எழுதும் பேடும் முகத்தில் கவலையுமாக இருப்பார். "நான் இன்னா போவாதன்னா சொன்னேன் சிஸ்டர்? யாரும் கேக்கறதே இல்லியே" என்றார். அதுவும் உண்மைதான். "ஆள் ஜாஸ்தி கேட்டா மேல குடுக்க மாட்டாங்க. கணக்கு கம்மியானா என்னத்தான் புடிப்பாங்க. நீங்களே சொல்லுங்க, அந்தப் பத்து நிமிஷம் அந்த மிஷின்ல யாரு ஒக்காருவா?"

"நான் ஒக்காருவேன்."

கோபத்தில் வந்த வார்த்தை. வந்த பிறகு விழுங்க முடியவில்லை. விறுவிறுவென்று ஹாலுக்குள் நடந்துபோய் மாதனூர்ப் பெண்ணைத் தோளில் தட்டி எழுப்பினேன். "நீ போய்ட்டு வா." அவள் என்னைப் பார்த்தாள், மிஷினைப் பார்த்தாள், பரிதாபமாக மறுபடி என்னைப் பார்த்தாள். வேறு வழியில்லாமல் போனாள்.

வீட்டில் ஜாக்கெட் தைக்கிறவள்தானே, இதென்ன பிரமாதம் என்று உட்கார்ந்தேன். மிதியை லேசாகத்தான் தொட்டேன். தோல் துண்டு என் கையை உதறிக்கொண்டு போன போக்கில் போனது. இரட்டைத் தையல் ஒரு இடத்தில் மூன்றானது, ஒரு இடத்தில் காணாமலே போனது. நிறுத்தலாம் என்றால் அதற்குள் பேரணாம்பட்டுக்காரி அடுத்ததை நீட்டிவிட்டாள், நீட்டும்போதே அவள் தோள் குலுங்கிக்கொண்டிருந்தது. ஹாலில் ஒவ்வொரு லைனாகச் சிரிப்பு பரவியது. மாதனூர்ப் பெண் திரும்பி வந்தபோது ஏழு உருப்படிகளை நான் நாசம் செய்திருந்தேன். சூப்பர்வைசர் ஒன்றை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"இது எந்தக் காலுக்கு சிஸ்டர்?" என்றார்.

மறுநாள் சாப்பாட்டு நேரத்தில் பேரணாம்பட்டுக்காரி என் அறைக்கு வந்தாள். உட்காரச் சொன்னாலும் உட்காரவில்லை. "சிஸ்டர், இனிமே நீங்க மிஷின்கிட்ட வர வேணாம். நீங்க வந்து கெடுக்கறதுக்கு நாங்களே பாத்துக்கறோம்" என்றாள். எனக்குச் சுருக்கென்றது. பிறகுதான் அவள் சொல்ல வந்தது விளங்கியது. அவளுக்கு இரட்டைத் தையல் தெரியாது, ஆனால் கற்றுக்கொள்ளலாம். நூல் வெட்டும் பெண்ணுக்கு அவளுக்கு அடுத்தவளின் வேலை தெரியாது, கற்றுக்கொள்ளலாம். ஒவ்வொருத்தியும் தனக்கு வலப்பக்கம் இருக்கிறவளின் வேலையைப் பழகிக்கொண்டால், அவள் போய்வரும் நேரத்துக்குத் தன் வேலையை முன்கூட்டியே கொஞ்சம் செய்து அடுக்கிவைத்துவிட்டு, நகர்ந்து உட்கார்ந்துகொள்ளலாம். ஒரே நேரத்தில் ஒருத்திதான் எழ வேண்டும். யார் போகிறாளோ அவள் தன் பாட்டிலை மேஜையில் படுக்க வைத்துவிட்டுப் போக வேண்டும். ஒரு பாட்டில் படுத்திருந்தால் மற்றவர்கள் காத்திருப்பார்கள்.

"அப்போ பாட்டில்ல தண்ணி?" என்றேன்.

"குடிச்சாத்தான சிஸ்டர் போவ முடியும்" என்றாள், எனக்கே பாடம் சொல்கிற மாதிரி.

மதியச் சாப்பாட்டில் கால் மணி நேரத்தை மிச்சம் பிடித்துக் கழிவுத் தோலில் பழகினார்கள். அந்த இரண்டு வாரமும் ஹாலில் ஒரே கேலி. மடிக்கிறவள் தைத்ததைப் பார்த்து, "இது சிஸ்டர் தையல்" என்பார்கள். கோணலாக வந்த எதற்கும் இப்போதும் அந்த லைனில் அதுதான் பெயர். நான் கேட்காதது போல இருந்துகொள்வேன்.

சூப்பர்வைசர் முதலில் பார்த்தும் பார்க்காதது போல் இருந்தார். போர்டில் கணக்கு குறையவில்லை என்றானதும் மூச்சு விட்டார். ஒருத்தி லீவு போட்டாலும் லைன் ஓடுகிறது என்றானதும் மேனேஜரைக் கூட்டிக்கொண்டு வந்து காட்டினார். "நாமளே ஒரு ஏற்பாடு பண்ணிருக்கோம் சார்" என்று அவர் சொன்னது என் காதில் விழுந்தது. போகட்டும். அடுத்த மாதத்துக்குள் மற்ற லைன்களும் பழக ஆரம்பித்துவிட்டன. மூன்று மணிக்கு என் அறை வாசலில் ஆள் குறைந்தது. வந்தவர்களில் சிலருக்கு நிஜமாகவே தலை வலித்தது.

ஆனாலும் எனக்குப் பயம் போகவில்லை. மாசி முடிந்து வெயில் ஏறிக்கொண்டிருந்தது. எங்கள் பக்கத்து வெயிலைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை. பங்குனியில் தகர ஷெட்டுக்குக் கீழே நின்றால் தண்ணீர் குடித்தவளே காய்ந்துபோவாள். மாதனூர்ப் பெண் மாதா மாதம் சிறுநீர் பரிசோதனை ரிப்போர்ட்டைக் கொண்டுவந்து என் மேஜையில் வைத்துவிட்டு, நான் படிக்கும்வரை என் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பாள். ஆறாம் மாதம் சுத்தம். ஏழாம் மாதம் சுத்தம். எட்டாம் மாத ரிப்போர்ட்டை நான் இரண்டு தடவை படித்தேன். அதுவும் சுத்தம். இதற்குமுன் எட்டாம் மாதத்தை அவள் பார்த்ததே இல்லை. ஒன்பதாம் மாதம் பிறந்ததும் லைன் பெண்கள் சாப்பாட்டு நேரத்தில் கேன்டீனிலேயே வளையல் அடுக்கினார்கள். எலுமிச்சை சாதம், தயிர் சாதம், புளியோதரை என்று ஆளுக்கொரு டப்பா வந்தது. டப்பாவைப் பார்த்ததும், "பாருங்க, டப்பா இருந்தா ஒதவும்னு அப்பவே சொன்னோம்" என்று என்னைக் குத்திக்காட்டினார்கள்.

பிரசவ விடுப்பில் போகும் அன்று அவள் என்னிடம் சொல்லிக்கொண்டு போக வந்தாள். ஐந்து நிமிஷம் உட்கார்ந்தாள். ஜாக்கிரதை ஜாக்கிரதை என்று நான் பத்து தடவை சொன்னேன். அவள் பார்வை என் மேஜைக்கு அடியில் போனது. அங்கே என் பாட்டில் இருந்தது. மாலை நான்கு மணிக்கு அது கழுத்துவரை நிரம்பியிருந்தது.

"இது உங்களுதா சிஸ்டர்?"

எனக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. ஷிப்டுக்கு ஒரே நர்ஸ். நான் எழுந்து போன நேரத்தில் யாராவது விரலில் ஊசி ஏற்றிக்கொண்டு ஓடிவந்தால்? அந்தப் பயத்தில் காலையில் வந்தால் சாப்பாட்டு நேரத்துக்கு ஒரு தடவை, அவ்வளவுதான். எரிச்சல் எனக்கும் வரும். யாருக்கும் தெரியாமல் மாத்திரை போட்டுக்கொள்வேன். ஊருக்கு உபதேசம் செய்து செய்து என் கணக்கைப் பார்க்கவே இல்லை. இத்தனை வருஷத்தில் அதை யாரும் கேட்டதில்லை, நானும் சொன்னதில்லை.

அவள் சத்தம் போடவில்லை. நான் அவளைத் திட்டிய திட்டுக்கெல்லாம் திருப்பித் தர அதுதான் நல்ல நேரம். ஆனால் அவள் ஹாலுக்குப் போய்ப் பேரணாம்பட்டுக்காரியிடம் ஏதோ சொல்லிவிட்டுப் பஸ் ஏறிப்போனாள். மறுநாள் காலை பத்தரைக்குப் பேரணாம்பட்டுக்காரி என் அறைக் கதவைத் தட்டினாள். "எழுந்திருங்க சிஸ்டர். சூப்பர்வைசர்கிட்ட சொல்லிட்டுத்தான் வந்திருக்கறேன். யாராச்சும் வந்தா துணிய வச்சி அழுத்திப் புடிச்சிக்கினு இருக்கறேன். போய்ட்டு வாங்க." அன்றிலிருந்து தினமும் அவள் இரண்டு தடவை வந்தாள். கதவைத் தாண்டும்போது எனக்கு ஏதோ தப்புச் செய்வதுபோல் கூச்சமாக இருக்கும். ஒரு வாரத்தில் அதுவும் பழகிவிட்டது.

சித்திரை முடிந்து வைகாசி பிறந்தது. டாக்டரம்மா குறித்துக் கொடுத்த நாள் வந்தது, போனது. வேலை நேரத்தில் பெண்கள் யாரும் செல்போன் வைத்துக்கொள்ளக் கூடாது என்பதால், அவசரம் என்றால் வீட்டுக்காரர்கள் கூப்பிடுவது என் அறை போனைத்தான். அந்த இரண்டு நாளும் நான் போனையே பார்த்துக்கொண்டிருந்தேன். மணி அடிக்கும்போதெல்லாம் பாய்ந்து போவேன். எடுத்தால் கூரியர்காரன்.

மூன்றாம் நாள் காலை பத்தரைக்கு வழக்கம்போல் பேரணாம்பட்டுக்காரி வந்தாள். இன்றைக்கு வேண்டாம், போன் வரும் என்றேன். "போன எடுக்க எனக்குத் தெரியாதா? மொதல்ல எழுந்து போங்க" என்று கையைப் பிடித்து எழுப்பிவிட்டாள். போனேன். முகம் கழுவினேன். ஒரு ஐந்து நிமிஷம் இருக்கும்.

திரும்பி வரும்போது அறையில் யாரும் இல்லை, போன் ரிசீவர் மேஜையில் கிடந்தது. ஹாலில் மிஷின் சத்தம் நின்றிருந்தது. நான் வாசலுக்கு ஓடினேன். எல்லோரும் எழுந்து நின்றுகொண்டிருந்தார்கள், சூப்பர்வைசர் உட்பட. பேரணாம்பட்டுக்காரி நடுவில் நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். அவள் அழுது நான் பார்த்ததே இல்லை.

"பொண்ணு சிஸ்டர்" என்றாள். "மூணு கிலோ. அவளும் நல்லா இருக்கறா. ஒங்களக் கேட்டா, அவளே பேசினா. சிஸ்டர் ஒண்ணுக்குப் போயிருக்காங்கன்னு சொன்னேன். அதக் கேட்டுட்டு அவ சிரிச்ச சிரிப்பு இருக்குதே."

அந்தச் செய்திக்காக நாலைந்து மாதம் காத்திருந்தவள் நான். அந்தக் கம்பெனியில் அதைக் கடைசியாகக் கேட்டவளும் நான்தான். எனக்குக் கோபம் வரவில்லை.